சிமிலருக்குப் பதில் செம்ப்ளபிள் போடலாமா?

தெரிந்த மாணவி ஒருத்தி பறத்தலைப் பற்றி ஆங்கிலத்தில் ஒரு கட்டுரை எழுதி, பார்த்துத் தரச் சொல்லி அனுப்பியிருந்தாள். நல்ல கட்டுரை. வௌவால், பட்டாம்பூச்சி, ஈ, விமானம், கடைசியில் மனிதன் என்று வரிசையாகப் போகிறது. ஆனால் ஒரே பக்கத்தில் 'சிமிலர்' (similar, ஒத்த) ஐந்து தடவை வந்துவிட்டது. அது அவளுக்கே உறுத்தியிருக்கிறது, மாற்றுச்சொல் தேடியிருக்கிறாள், பட்டியலின் அடியில் 'செம்ப்ளபிள்' (semblable) கிடைத்திருக்கிறது. "அண்ணா, இதுக்கும் அதே அர்த்தம்தானே, கேக்கவும் நல்லா இருக்கு, அஞ்சுல ரெண்டு இடத்துல இதைப் போட்டுடலாமா?" என்று கேட்டாள்.

என் பதிலை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பெயரடையாகப் போட வேண்டாம். பெயர்ச்சொல்லாக ஒரே ஓர் இடத்தில் போடலாம், அந்த இடத்தில் அதற்கு ஈடான சொல் ஆங்கிலத்தில் எனக்குத் தெரிந்து கிடையாது. மற்ற நாலு இடத்திலும் சிக்கல் சொல் திரும்பத் திரும்ப வருவதில் இல்லை, அந்த நாலு வாக்கியமும் நாலு வேறு ஒப்புமையைச் சொல்கின்றன, அவள் எல்லாவற்றுக்கும் ஒரே சீட்டை ஒட்டியிருக்கிறாள்.

செம்ப்ளபிள் என்பதை முதலில் கொஞ்சம் கிட்டப்போய்ப் பார்த்துவிடலாம். அழுத்தம் முதல் அசையில் வரும். 14ஆம் நூற்றாண்டு வாக்கில் பழைய பிரெஞ்சிலிருந்து ஆங்கிலத்துக்கு வந்த சொல், பிரெஞ்சுக்கு அது லத்தீனின் 'சிமிலிஸ்' வழியாக வந்தது. ரிசெம்பிள், செம்ப்ளன்ஸ், சிமிலர், சிமுலேட் எல்லாம் இந்தக் குடும்பம்தான். இந்தோ-ஐரோப்பிய மொழிகளில் இன்னும் பின்னால் போனால் 'ஒன்று, சேர்ந்து' என்று பொருள்படும் ஒரு வேர் இருக்கிறது, ஆங்கிலத்தின் 'சேம்' அதிலிருந்து வந்தது, சமஸ்கிருதத்தின் 'சம' அதிலிருந்து வந்தது, நாம் கணக்கில் போடும் 'சமம்' அந்தச் 'சம'வின் தமிழ் வடிவம். ஆக சமமும் சேமும் தூரத்து உறவுக்காரர்கள். பிரெஞ்சில் செம்ப்ளபிள் இன்றைக்கும் அன்றாடச் சொல், யாரும் இரண்டாவது தடவை திரும்பிப் பார்க்க மாட்டார்கள். ஆங்கிலத்தில் 17ஆம் நூற்றாண்டுத் தொடக்கத்தில் சிமிலர் உள்ளே வந்து மெல்ல மெல்ல அந்த இடத்தைப் பிடித்துக்கொண்டது, இது ஓரமாகப் போய்விட்டது.

இதன் பொருள் என்ன என்று கேட்டால் ஒன்றல்ல, இரண்டு. 'ஒத்த, போன்ற' என்பது ஒன்று. 'அப்படித் தோன்றுகிற, மேலுக்கு அப்படி இருக்கிற' என்பது இன்னொன்று. 'பொருத்தமான' என்று மூன்றாவதாக ஒரு பழைய பொருளும் அகராதியில் உண்டு, அது எப்போதோ வழக்கொழிந்துவிட்டது, விட்டுவிடலாம். முதல் இரண்டும் ஒரே சொல்லுக்குள் எப்படி இருக்கின்றன என்று ஆங்கிலம் மட்டும் தெரிந்தவருக்கு விளக்க நேரமாகும், நமக்கு ஒரு நொடி போதும், ஏனென்றால் நம்முடைய 'போல' அச்சாக இதைத்தான் செய்கிறது. 'அவன் அப்பா போல இருக்கிறான்' என்றால் ஒப்பு. 'மழை வரும் போல' என்றால் தோற்றம், ஊகம். அதே போல் என்ற வேரிலிருந்து 'போலி' வருகிறது, அசல் மாதிரியே இருந்து ஏமாற்றும் சரக்குக்கு அதுதான் பெயர். இலக்கணத்தில் அறம் என்பதை அறன் என்று எழுதினாலும் போலிதான், அங்கே ஏமாற்று எதுவும் கிடையாது, ஒன்றின் இடத்தில் இன்னொன்று பொருள் மாறாமல் வந்து நிற்கிறது, அவ்வளவுதான். ஒப்புக்கும் போலிக்கும் நடுவே உள்ள சுவர் எவ்வளவு மெல்லியது என்று இந்த ஒரு சொல்லிலேயே தெரிந்துவிடுகிறது.

ஷேக்ஸ்பியரின் நான்காம் ஹென்றி நாடகத்தின் முதல் பகுதியில் ஒரு காட்சி. 1403இல் நடந்த ஷ்ரூஸ்பரி போர். மன்னரைக் காப்பாற்றுவதற்காகச் சிலர் மன்னரின் உடையை அணிந்து களத்தில் இறங்கியிருக்கிறார்கள், அவர்களில் ஒருவர் சர் வால்டர் பிளண்ட். எதிரணியின் டக்ளஸ் அவரை மன்னர் என்று நினைத்தே கொன்றுவிடுகிறான். பிறகு அதே அணியின் ஹாட்ஸ்பர் வந்து பிணத்தின் முகத்தைப் பார்த்துவிட்டு, இது மன்னர் இல்லை, பிளண்ட் என்ற நல்ல வீரன், மன்னரைப் போலவே உடை அணிந்திருக்கிறான் என்கிறான். அங்கே வரும் சொல் 'செம்ப்ளப்ளி', நம் சொல்லின் வினையடை வடிவம். மன்னரைப் போல, ஆனால் மன்னர் இல்லை. இரண்டு பொருளும் ஒரே பிணத்தின் மேல் கிடக்கின்றன. இந்தச் சொல்லுக்கு இதைவிடப் பொருத்தமான இடம் அமைவது கடினம்.

சரி, இவ்வளவு நல்ல சொல்லை ஏன் போட வேண்டாம் என்கிறேன்? தமிழில் போல இரண்டு வேலை பார்த்தாலும் அது உட்காரும் இடம் நமக்குக் காட்டிக்கொடுத்துவிடும். பெயருக்குப் பின்னால் வந்தால் பெரும்பாலும் ஒப்பு, வினைமுற்றுக்குப் பின்னால் வாக்கியத்தின் கடைசியில் வந்தால் தோற்றம். ஆங்கிலத்தில் செம்ப்ளபிளுக்கு அந்த வசதி இல்லை. 'செம்ப்ளபிள் பீஸ்' என்று ஒருவர் எழுதினால் முன்பு சொன்னது போன்ற அமைதியா, அமைதி மாதிரி தெரிகிற ஒன்றா? பெயருக்கு முன்னால் நிற்கும் பெயரடை, இரண்டுக்கும் அதே இடம், அதே வடிவம். ஷேக்ஸ்பியர் காலத்து ஆள் சூழலை வைத்துப் புரிந்துகொண்டிருப்பார். இன்றைய வாசகர் அந்தச் சொல்லையே முதல் தடவையாகப் பார்க்கிறார், அகராதியைத் திறக்கிறார், இரண்டு பொருள் கிடைக்கிறது, எது என்று எழுதியவர் சொல்லவில்லை. அரிய சொல் என்பதற்காக மட்டும் நான் எதையும் தள்ளமாட்டேன். வாசகரை அகராதிவரை நடக்க வைத்துவிட்டு அங்கேயும் பதில் கிடைக்காமல் திருப்பி அனுப்புகிற சொல் என்பதால் தள்ளுகிறேன்.

இன்னொரு காரணமும் உண்டு. ஹாம்லெட்டின் கடைசி அங்கத்தில் ஆஸ்ரிக் என்ற அரசவை ஆள் வந்து லேயர்டீஸைப் பற்றி வாய் நிறைய அலங்காரமாகப் பேசுவான். ஹாம்லெட் அவனுடைய பாணியிலேயே, அவனைவிட அதிகமாக அலங்கரித்துத் திருப்பிக் கொடுப்பான், லேயர்டீஸுக்கு நிகர் அவனுடைய கண்ணாடிப் பிம்பம்தான் என்று. அந்த நிகர்தான் 'செம்ப்ளபிள்'. ஆடம்பரப் பேச்சைக் கேலி செய்ய எடுத்த வாக்கியத்திலேயே இந்தச் சொல் வந்து உட்கார்ந்திருக்கிறது. 1600 வாக்கிலேயே இதில் கொஞ்சம் ஜரிகை இருந்திருக்கிறது என்று எடுத்துக்கொள்கிறேன். அதே ஷேக்ஸ்பியரில் ஆண்டனி தன் மனைவி ஆக்டேவியாவிடம், இது போன்ற ஆயிரம் விஷயங்களைக்கூட மன்னித்துவிடலாம் என்று சாதாரணமாகச் சொல்லும்போதும் இது பெயரடையாக வருகிறது, அங்கே கேலி எதுவும் இல்லை, அதையும் சொல்லத்தான் வேண்டும். ஆனால் நானூறு வருஷத்தில் சாதாரணம் கழன்றுபோய் ஜரிகை மட்டும் மிஞ்சிவிட்டது.

இனி அவளுடைய ஐந்து வாக்கியங்கள்.

முதலாவது, வௌவாலின் சிறகு பறவையின் சிறகுக்கு சிமிலர் என்பது. இரண்டிலும் மேற்கை எலும்பு ஒன்று, முன்கையில் இரண்டு, அப்புறம் மணிக்கட்டு, விரல்கள். வௌவால் நாலு விரலை நீளமாக நீட்டி அதன் மேல் தோலை விரித்திருக்கிறது, பறவை விரல்களைக் குறைத்து ஒட்டிவிட்டுக் கையிலிருந்து இறகு வளர்த்திருக்கிறது. எலும்புக் கூட்டைத்தான் அவள் விவரிக்கிறாள், அதனால் இங்கே வேண்டியது 'ஹோமோலகஸ்', பாடப்புத்தகத் தமிழில் அமைப்பொத்த. இரண்டாவது, பட்டாம்பூச்சியின் சிறகும் பறவையின் சிறகுக்கு சிமிலர். இங்கே எலும்பே கிடையாது, மெல்லிய சவ்வு, அதன் மேல் செதில். செய்கிற வேலை மட்டும் ஒன்று. அது 'அனலகஸ்', செயலொத்த. இந்த இரண்டு சொல்லையும் உயிரியலில் தெளிவாகப் பிரித்து வரையறுத்தவர் ஆங்கிலேய உயிரியலாளர் ரிச்சர்ட் ஓவன், 1843இல், டார்வினின் புத்தகம் வருவதற்குப் பதினாறு வருஷம் முன்னால். இதில் ஒரு நுணுக்கம் இருக்கிறது, நிறைய பேர் வழுக்குவது இங்கேதான்: வௌவாலும் பறவையும் முன்னங்கால் என்ற அளவில்தான் அமைப்பொத்தவை. பறப்பதைத் தனித்தனியாகத்தான் இரண்டும் கண்டுகொண்டன, எனவே சிறகு என்ற அளவில் பார்த்தால் அவையும் செயலொத்தவைதான். எதை எதோடு எந்த வகையில் ஒப்பிடுகிறோம் என்று சொல்லாமல் சிமிலர் என்று கடந்துபோனால் இந்த வித்தியாசம் முழுக்கக் காணாமல் போகிறது. அதற்குப் பதில் செம்ப்ளபிள் என்று கடந்துபோனாலும் அப்படியேதான், வேடம் மட்டும் புதுசு.

இதை எழுதும்போது எனக்குத் தொல்காப்பியம் நினைவுக்கு வந்துகொண்டே இருந்தது. 'வினைபயன் மெய்உரு என்ற நான்கே' என்று உவமை பிறக்கும் இடத்தை அங்கே நாலாகப் பிரித்திருக்கிறார்கள். புலி போலப் பாய்ந்தான் என்றால் செயல் ஒக்கிறது. மழை போன்ற வள்ளல் என்றால் பயன் ஒக்கிறது. துடி போன்ற இடை என்றால் வடிவம். பவளம் போன்ற வாய் என்றால் நிறம். இதோடு நிற்காமல், ஒவ்வொன்றுக்கும் எட்டு எட்டாக உவம உருபுகளையே பங்கிட்டுக் கொடுத்திருக்கிறார்கள், அன்ன, மான, உறழ எல்லாம் வினைக்கு, கடுப்ப, புரைய, நிகர்ப்ப எல்லாம் மெய்க்கு, போல, ஒப்ப, நேர எல்லாம் உருவுக்கு என்று. பழைய பாட்டுகளே இந்தப் பங்கீட்டை எப்போதும் மதித்து நடக்கவில்லை என்பது வேறு விஷயம். 'நாராய் நாராய் செங்கால் நாராய்' என்று தொடங்கும் பாட்டில் சத்திமுத்தப் புலவர் 'பனையின் கிழங்கு பிளந்தன்ன பவளக் கூர்வாய்' என்கிறார். பனங்கிழங்கைப் பிளந்தது மாதிரி வாய் என்பது வடிவம், அதற்கு வினைப்பக்கத்து 'அன்ன'வை எடுத்துக்கொண்டார், பவளம் என்பது நிறம், அதற்கு உருபே போடவில்லை. ஒரு நாரையின் அலகுக்கு இரண்டு ஒப்புமை, எது எதற்கு என்று ஒரு குழப்பமும் வரவில்லை. உருபு எதுவானாலும் எதில் ஒப்பு என்பது அவருக்குத் தெளிவாக இருந்தது. சொல்லைத் தேடுவதற்கு முன்னால் கேட்க வேண்டிய கேள்வி அதுதான், ஆங்கிலமானாலும் தமிழானாலும்.

ஆங்கிலத்தின் மிகச் சாதாரணச் சொல்லான 'லைக்' கூட இதே கேள்விக்குப் பிறந்ததுதான் என்பது எனக்கு ரொம்பப் பிடித்த செய்தி. பழைய ஜெர்மானிய மொழியில் உடம்பு, வடிவம் என்று பொருள்படும் ஒரு சொல்லிலிருந்து வந்தது அது, 'அதே உடம்பு கொண்ட' என்பது மூலப்பொருள். மெய் உவமம் என்று தொல்காப்பியம் சொல்வதை ஆங்கிலக்காரர் அறியாமலே ஒவ்வொரு நாளும் நூறு தடவை சொல்லிக்கொண்டிருக்கிறார்.

மூன்றாவது வாக்கியம் ஹோவர்ஃப்ளை என்ற ஈயைப் பற்றியது, அது குளவிக்கு சிமிலர் என்று எழுதியிருந்தாள். பூவின் மேல் அந்தரத்தில் அசையாமல் நிற்கும், குளவி மாதிரியே மஞ்சளும் கறுப்பும் பட்டை போட்டிருக்கும், பார்த்தால் கையை இழுத்துக்கொள்வோம். கிட்டப்போய்ப் பார்த்தால் சிறகு இரண்டே, குளவிக்கு நாலு. கண் தலை முழுக்க இருக்கும். கொடுக்கு கிடையவே கிடையாது. பறவைகள் ஏமாந்து விலகட்டும் என்று அமைந்த வேஷம். அதாவது இது பிளண்டின் உடை. பழைய பொருளில் செம்ப்ளபிள் கச்சிதமாக உட்காரக்கூடிய ஒரே வாக்கியம் இதுதான், இங்கே போடலாமே என்று எனக்கும் ஒரு நிமிஷம் ஆசை வந்தது. ஆனால் படிப்பவர் அதை 'ஒத்த' என்று மட்டும் எடுத்துக்கொண்டால் வேஷம் என்கிற முக்கியமான செய்தி போய்விடும். பெயரடையே வேண்டாம் என்றேன், 'மிமிக்' என்ற வினையைப் போட்டோம், யார் யாரைப் பார்த்து வேஷம் கட்டுகிறார்கள் என்பது வினை போட்டதும் தானாகவே தெளிவாகிவிட்டது. தோற்றத்தில் மட்டும் ஒக்கிறது என்று சொல்ல ஆங்கிலத்தில் 'ஆய்டு' என்ற கிரேக்கப் பின்னொட்டும் உண்டு. 1802இல் வில்லியம் ஹெர்ஷல் சிறுகோள்களுக்கு 'ஆஸ்டிராய்டு' என்று பெயர் வைத்தது அப்படித்தான், அவருடைய தொலைநோக்கியில் அவை நட்சத்திரம் மாதிரி வெறும் ஒளிப்புள்ளிகளாகத் தெரிந்தன, நட்சத்திரம் இல்லை என்று அவருக்கு நன்றாகத் தெரியும். பெயரிலேயே 'மாதிரி' இருக்கிறது.

நாலாவது விமான இறக்கை. அங்கே சிமிலரை அப்படியே விட்டுவிடச் சொன்னேன், 'ஒரு வகையில்' என்று மட்டும் முன்னால் சேர்க்கச் சொன்னேன். பறவையின் சிறகு தூக்கவும் செய்கிறது, முன்னே தள்ளவும் செய்கிறது. விமான இறக்கை தூக்குவதோடு சரி, தள்ளுவது எஞ்சினின் வேலை. பாதி ஒப்புக்கு சிமிலர் நல்ல சொல். வடிவியலில் மட்டும் அதற்கு உறுதியான பொருள் உண்டு, வடிவொத்த முக்கோணம் என்றால் கோணங்கள் சமம், அளவு மாறலாம். மற்ற இடங்களில் அது தளர்வான சொல்தான், அந்தத் தளர்வு சில இடங்களில் தேவையாகவும் இருக்கிறது. ஐந்தில் ஒன்று சிமிலர் என்றால் யாருக்கும் உறுத்தாது.

வேறு சொற்களும் வரிசையில் நின்றன, சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 'அலைக்' பெயருக்கு முன்னால் வராது, இரண்டும் அலைக் என்று முடிக்கத்தான் உதவும். 'அகின்' என்பதும் அப்படியே, அதற்குள் உறவினர் என்ற பொருளில் 'கின்' இருக்கிறது, அதனால் உணர்ச்சிகளுக்கு நன்றாகப் பொருந்தும், துக்கம் கோபத்துக்குப் பங்காளி என்று நாம் சொல்வோமே, அந்த மாதிரி இடத்துக்கு. 'வெரிசிமிலர்' என்றால் உண்மை போலத் தோன்றுகிற, கதையைப் பற்றிப் பேசும்போது தவிர வேறெங்கும் அதற்கு வேலை இல்லை. 'கன்சிமிலர்' என்று ஒன்று இருக்கிறது, சிமிலர் சொல்லாத எதையும் அது கூடுதலாகச் சொல்வதில்லை.

ஐந்தாவது வாக்கியம்தான் எனக்குப் பிடித்தது. ஓட்டோ லிலியென்தால் என்ற ஜெர்மானியர், 1848இல் பிறந்தவர், சிறு வயதிலிருந்தே நாரைகளைப் பார்த்துக்கொண்டே வளர்ந்தவர். பறவை பறப்பதை ஆராய்ந்து 1889இல் ஒரு புத்தகம் எழுதினார், பிறகு தானே சிறகு கட்டிக்கொண்டு குன்றிலிருந்து குதித்து மிதக்க ஆரம்பித்தார், நூற்றுக்கணக்கான தடவை பறந்தார், 1896இல் அப்படி ஒரு பறத்தலில் விழுந்து இறந்துபோனார். ரைட் சகோதரர்கள் அவர் விட்ட இடத்திலிருந்து படித்தவர்கள். மாணவி எழுதியிருந்தது, லிலியென்தால் நாரைக்குத் தன்னை சிமிலர் என்று உணர்ந்தார் என்று. தட்டையாக இருந்தது. அவர் உடம்பால் நாரை மாதிரி இல்லை, அமைப்பொத்தது, செயலொத்தது என்று அங்கே பேசவும் முடியாது. தன் இனம் என்று ஒருவரை அடையாளம் கண்டுகொள்வதே, அதுதான் அங்கே நடப்பது.

செம்ப்ளபிள் பெயர்ச்சொல்லாக வரும்போது சொல்வது இதைத்தான். என்னைப் போன்ற இன்னொரு உயிர், என் சக மனிதன். ஏதன்ஸ் நகரத்து டைமன் மனிதகுலத்தையே வெறுத்து, தன்னைப் போன்றவனையும் தன்னையும்கூட வெறுக்கிறேன் என்று சொல்லும் வரியில் ஷேக்ஸ்பியர் இதைப் பயன்படுத்தினார், அங்கே ஜரிகை கொஞ்சமும் இல்லை, நெஞ்சைப் பிடிக்கிற வரி. 1857இல் வெளிவந்த தன் தொகுப்பின் முதல் கவிதையில் வாசகனைப் பார்த்து 'என் செம்ப்ளபிள், என் சகோதரனே' என்று கவிஞர் போதலேர் பிரெஞ்சில் கூப்பிட்டார், 1922இல் ஆங்கிலக் கவிஞர் எலியட் அந்த வரியை மொழிபெயர்க்காமல் அப்படியே தன் ஆங்கிலக் கவிதைக்குள் வைத்தார். இன்றைக்கு ஆங்கிலத்தில் படிக்கிறவர்களுக்கு இந்தச் சொல் ஓரளவாவது பரிச்சயம் என்றால் பெரும்பாலும் அந்த வரியால்தான், பெயர்ச்சொல்லாகத்தான். பெயர்ச்சொல்லாக வரும்போது இரட்டைப் பொருள் தொல்லையும் இல்லை, 'அவனுடைய செம்ப்ளபிள்' என்றால் அவனை ஒத்தவன், குழம்ப வழியே இல்லை. ஆங்கிலத்தில் இதற்கு மாற்றாக 'ஃபெலோ' இருக்கிறது, தோழமை மட்டும் வருகிறது, ஒப்பு வரவில்லை. 'கவுண்டர்பார்ட்' இருக்கிறது, அலுவலக வாடை. 'டபுள்' என்றால் இரட்டைப்பிறவி மாதிரி ஆகிவிடுகிறது. தமிழில் மொழிபெயர்ப்பதானால் நான் 'நிகர்' என்று போடமாட்டேன், அதில் போட்டி இருக்கிறது. 'என்னை ஒத்தவன்' என்பேன், இடம் கொடுத்தால் 'என் போல் ஒருவன்'.

படிக்கப்போவது யார் என்று அவளிடம் கேட்டேன். இலக்கியம் படித்த ஆசிரியர், நேரம் எடுத்துப் படிப்பவர் என்றாள். அப்படியென்றால் போடு என்றேன். கட்டுரையின் கடைசி வாக்கியத்தை இரண்டு மூன்று தடவை மாற்றி எழுதிவிட்டு அனுப்பினாள், ஆங்கிலத்தில் எட்டே சொல்தான் இருந்தது. தமிழில் சொன்னால் இப்படி வரும்: லிலியென்தால் தன்னை ஒத்த உயிரை ஒரு நாரையில் கண்டார்.